முகங்காட்டா வீரர் யக்கிமா கனற்

கோபுரத்தைக் கண்டு கைகூப்புவோர் அதனைத் தாங்கி நிற்கும் அத்திவாரத்தைக் காண்பதில்லை. காணாத காரணத்தால் அத்திவாரம் இல்லையென்று ஆகிவிடுமா? வெள்ளித்திரையின் கதையும் இத்தகையதே. கதாநாயகன் ஓடும் குதிரையினின்றும் பாய்கிறான். உருண்டோடும் வண்டியின்மேல் தாவுகிறான். தீப்பற்றிய வீதியூடே வண்டி செலுத்துகிறான். மறுகணம் கலையாத தலைமயிரோடு நம்முன் தோன்றிப் புன்னகை புரிகிறான். நாமும் மகிழ்ந்து கைதட்டுகிறோம். பாய்ந்தவரும் தாவியவரும் வேறொருவர் என்பதை நம்மிற் பலர் அறியார். அறிந்தோரும் அவர் பெயரை அறிய முயல்வதில்லை.

அத்தகைய ஒருவரது வரலாற்றைக் கல்லூரி விழா மலரொன்றிலே எழுதப் புகுவது பொருந்துமோ என அன்பர் சிலர் ஐயுறலாம். புலவர்க்கும் ஞானியர்க்கும் நாட்டுத் தலைவர்க்கும் உரிய ஏடுகளில், குதிரையினின்றும் விழுவதைத் தொழிலாகக் கொண்ட ஒருவருக்கு என்ன இடம் என வினவலாம். நாமும் முன்னர் அவ்வாறு எண்ணியவர்களே. ஒருநாள் வகுப்பிலே, துணிவு என்பது யாது என மாணவரை வினவினோம். பெரும்பாலோர் திரைப்பட நாயகரின் பெயர்களையே அடுக்கினர். அந்நாயகர் விழவில்லை, அவருக்காக மற்றொருவர் விழுந்தார் என விளக்கினோம். அப்படியாயின் விழுந்தவருடைய பெயர் என்ன என்று கடைசி வாங்கிலிருந்து ஒரு மாணவன் கேட்டான். எமக்கு அன்று விடை தெரியவில்லை. அவ்வினாவே இக்கட்டுரைக்குத் தோற்றுவாய் ஆயிற்று. விடை தேடிச் சென்ற இடத்திலே நாம் கண்டவர் யக்கிமா கனற் என்னும் அமெரிக்கர்.

இளமையும் பெயரும்

அமெரிக்க ஐக்கிய நாட்டின் வடமேற்கு மூலையிலே பசிபிக் பெருங்கடலை அடுத்துக் கிடப்பது வாஷிங்டன் மாநிலம். அம்மாநிலத்தின் கிழக்குப் பகுதியிலுள்ள கொல்பாக்ஸ் என்னும் ஊரின் அயலிலே, 1895ஆம் ஆண்டு நவம்பர் மாதம் 29ஆந் திகதி இவர் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் ஈனொஸ் எட்வேட் கனற் என்பது. தந்தையார் கால்நடைப் பண்ணை நடத்தியவர். மாநிலச் சட்டசபையிலும் ஒருமுறை அங்கத்துவம் வகித்தவர். சிறுவனுக்குக் கிடைத்த பள்ளிக் கல்வி சொற்பமே. பண்ணையே பள்ளியாகவும் குதிரையே ஆசானாகவும் அமைந்தன. பதினொரு வயதிலே, ஒருவருக்கும் அடங்காத குதிரையொன்றின் முதுகிலேறி அதனைப் பணியவைத்தான் என்பர்.

அந்நாட்டின் மேற்குப் புறத்திலே ரோடியோ என்றொரு விளையாட்டு உண்டு. பழக்கப்படாத குதிரையின் மீது ஏறி அது துள்ளித் துள்ளி எறிய எறியக் குறித்த நேரம் வரை வீழாதிருத்தல், ஓடும் காளையை மடக்கி வீழ்த்துதல், கயிறெறிந்து கன்றைப் பிடித்தல் ஆகியன அதன் கூறுகள். எம் நாட்டு மாட்டுவண்டிச் சவாரியைக் கண்டு பழகியோர், விலங்கின் வேகத்தையும் மனிதனின் நிதானத்தையும் ஒருங்கே சோதிக்கும் இத்தகைய போட்டிகளின் சுவையை எளிதில் உணர்வர். 1912ஆம் ஆண்டிலே, பதினாறு வயது இளைஞனாக, தம் மாவட்டப் பொருட்காட்சியிலே கனற் முதன்முறை இக்களத்தில் இறங்கினார்.

இனி, யக்கிமா என்னும் பெயர் வந்த கதையைக் கூறுதும். யக்கிமா என்பது அதே மாநிலத்திலுள்ள வேறோர் ஊர். 1914ஆம் ஆண்டு, ஒறிகன் மாநிலத்துப் பென்டில்ற்றன் நகரில் நடைபெற்ற பெரும் போட்டிக்கு, அவ்வூர் வீரர் சிலரோடு இவரும் சென்றிருந்தார். இவர் குதிரையினின்றும் தூக்கியெறியப்பட்ட வேளையிலே எடுத்த நிழற்படமொன்றைப் பத்திரிகை வெளியிட்டபோது, இவரும் அவ்வூரவரே எனக் கருதி, யக்கிமா கனற் என அதன்கீழ்ப் பெயர் பொறித்துவிட்டது. அப்பிழை திருத்தப்படவில்லை, அவரும் திருத்த முயலவில்லை. வாழ்நாள் முழுவதும் அப்பெயரே நிலைத்தது. உலகம் அவரை முதன்முதல் அறிந்துகொண்டது ஒரு வீழ்ச்சியின் படத்தினாலே என்பதும், அவர் பெற்ற பெயரும் ஒரு தவறினாலே கிடைத்தது என்பதும் நினைந்து இன்புறத்தக்கன.

வீழ்ந்தவர் வீழ்ந்தபடியே கிடக்கவில்லை. அதே பென்டில்ற்றன் களத்திலே 1917, 1919, 1920, 1923 ஆகிய நான்கு ஆண்டுகளில் எல்லாப் போட்டிகளிலும் சிறந்த வீரர் என்ற பட்டத்தைப் பெற்றார். இடையிலே முதலாம் உலகப் போர் குறுக்கிட்டது. 1918இல் அவர் கடற்படையிற் சேர்ந்தார். அங்கே அவரைத் தாக்கியது பகைவரின் குண்டன்று. அக்காலத்தில் உலகெங்கும் பரவிய இன்புளுவென்சாக் காய்ச்சல். உயிர் பிழைத்தார், ஆயினும் குரல்வளை பழுதுற்றது. அதனை அவர் அப்போது பெரிதாக எண்ணவில்லை. பத்தாண்டுகள் கழித்தே அதன் விலை தெரியவந்தது.

பறிபோன நாயகப் பதவி

1919ஆம் ஆண்டு கனற் லொஸ் ஏஞ்சலிஸ் நகரத்திற்குச் சென்றபோது, அக்காலத்துக் குதிரைவீரப் படங்களிலே புகழ்பெற்று விளங்கிய ரொம் மிக்ஸ் என்பவரின் பழக்கம் ஏற்பட்டது. அதுவே திரையுலகுக்கு வழிதிறந்தது. குதிரையேற்றத்தில் இணையற்றவர், ஆறடி உயரத்தவர், கண்ணுக்கினிய தோற்றத்தவர். ஆதலால் 1920களிலே பல மௌனப் படங்களில் அவரே கதாநாயகராக நடித்தார். 1926இல் வெளிவந்த த டெவில் ஹோஸ் என்னும் படம் அவற்றுள் பேர்பெற்றது. நாயகருக்கு வேறொருவர் பதிலாகப் பாயும் வழக்கம் இவர் படங்களில் வேண்டப்படவில்லை. தாமே பாய்ந்தார், தாமே வீழ்ந்தார்.

1920களின் இறுதியில் படங்கள் பேசத் தொடங்கின. மௌனப்படத்திலே குரல் எவ்வாறிருப்பினும் குறையில்லை. பேசும்படத்திலோ குரலே உயிர். காய்ச்சலாற் கெட்ட கனற்றின் குரல் ஒலிப்பதிவுக் கருவிக்கு ஒவ்வாததாயிற்று. முப்பத்து நான்கு, முப்பத்தைந்து வயதிலே, உடல் முழு வலிமையோடிருக்க, நாயகர் என்ற நிலை அவர் கையை விட்டு நழுவியது.

அன்பர்களே, இவ்விடத்திற் சற்றே நின்று சிந்திப்போம். நேற்றுவரை சுவரொட்டியிலே தம் முகத்தைக் கண்டவர், இன்று முகம் வேண்டாம் உடல் மட்டும் போதும் என்னும் சொல்லைக் கேட்கிறார். மனமுடைந்து ஊர் திரும்பியோர் அக்காலத்திற் பலர். மதுவுக்கு அடிமையானோரும் உளர். கனற் வேறு வழியைத் தேர்ந்தார். நாயகர் இருக்கை போயிற்றெனின் போகட்டும், குதிரையின் முதுகு எஞ்சியிருக்கிறதன்றோ எனத் துணிந்தார். பிறருக்குப் பதிலாகப் பாயவும் வீழவும் உடன்பட்டார். கொள்ளைக் கூட்டத்தவன், கையாள், காவலன், செவ்விந்திய வீரன் எனச் சிறு வேடங்களையும் ஏற்றார். ஒரே படத்திலே நாயகனுக்குப் பதிலாகக் குதிரையேறித் துரத்துபவரும் அவரே, துரத்தப்படும் தீயவனாக முகங்காட்டுபவரும் அவரே என்ற நிலையும் உண்டாயிற்று. தம்மைத் தாமே துரத்திய நடிகர் அவர் எனின் மிகையன்று.

வீழ்வதையும் கலையாக்கியவர்

1930களிலே சிறு கொம்பனிகள் குறைந்த செலவிலும் குறைந்த நாட்களிலும் படங்களையும் தொடர்படங்களையும் எடுத்துக் குவித்தன. அவசரத்திலே எடுக்கப்படும் படங்களில் விபத்துக்கள் மலிந்தன. கை கால் முறிதல் அன்றாட நிகழ்ச்சி. சாகச நடிகன் எனப்படுபவன் அஞ்சாத முரடன், வருவது வரட்டும் எனப் பாய்பவன் என்பதே அந்நாட் கருத்து. இக்கருத்தை மாற்றியமையே கனற் செய்த பெருந்தொண்டு.

பாய்வதற்கு முன் அவர் அளந்தார். குதிரை எத்துணை வேகத்தில் வரும், எவ்விடத்திற் காலூன்றும், மண் எத்துணை இறுகியது, சக்கரத்துக்கும் உடலுக்கும் இடையே எத்தனை விரற்கடை எஞ்சும் என்றெல்லாம் கணித்தார். கணக்கு இணங்கினாலன்றிப் பாய மறுத்தார். வேண்டிய கருவிகளைத் தாமே ஆக்கினார். குதிரையினின்றும் வீழ்பவனுடைய பாதம் அங்கவடியிற் சிக்கிக்கொண்டால் அவன் தரையில் இழுபட்டு மடிவான்; ஆதலால் பாதம் தானே நழுவும் வண்ணம் ஒருபுறம் திறந்த அங்கவடியை அமைத்தார். வண்டி கவிழும் காட்சியிலே குதிரைகளும் வண்டியோடு சேர்ந்து உருளும் ஆபத்து உண்டு. ஆதலால் ஓட்டுபவர் வேண்டிய கணத்திலே குதிரைகளை வண்டியினின்றும் கழற்றிவிடும் பூட்டொன்றை இயற்றினார். குதிரைகள் தப்பியோட, வெறுவண்டியே கவிழும்.

கைச்சண்டையிலும் இவ்வாறே ஒரு மாற்றம் நிகழ்ந்தது. 1932ஆம் ஆண்டிலே, பின்னர் பெரும்புகழ் பெற்ற ஜோன் வெயின் அப்போது இளம் நடிகராக ஒரு தொடர்படத்தில் நடித்துக்கொண்டிருந்தார். அங்கே கனற்றோடு ஏற்பட்ட நட்பு நெடுநாள் நீடித்தது. அக்காலத்துத் திரைச் சண்டைகளிலே ஒருவர் தோளில் மற்றவர் குத்துவர்; பார்ப்பதற்கு அது சண்டையாகத் தோன்றாது. உண்மையாகவே முகத்திற் குத்தினாலோ பற்கள் உதிரும். கனற்றும் வெயினும் கூடி ஓர் உபாயங் கண்டனர். குத்துபவரின் முட்டி எதிராளியின் முகத்தின் முன்னே சிறு இடைவெளிவிட்டுக் கடந்து செல்லும்; அதே கணத்தில் எதிராளி தலையை வெட்டிப் பின்சாய்ப்பார்; கமராவோ அவ்விடைவெளி தெரியாத கோணத்தில் நிற்கும்; குத்தின் ஓசை பின்னர் சேர்க்கப்படும். கண்டோர் பல்லைக் கடித்துக்கொள்வர். நடித்தோர்க்கு நகக்கீறலும் இல்லை. இன்றும் உலகெங்கும் திரைச் சண்டைகள் இம்முறையைத் தழுவியே எடுக்கப்படுகின்றன. வெயினுடைய புகழ்பெற்ற நடையும் இழுத்துப் பேசும் பேச்சும் கனற்றைப் பார்த்துப் பழகிக்கொண்டவை என்பது திரைவரலாறு எழுதியோர் பலரின் கூற்று. நாயகருக்காக உடலைத் தந்தவர் நாயகருக்கு நடையையும் தந்தார் போலும்.

1939ஆம் ஆண்டு

கனற்றின் வாழ்விலே 1939ஆம் ஆண்டு பொன்னெழுத்துக்களாற் பொறிக்கத்தக்கது. ஜோன் போட் நெறிப்படுத்திய ஸ்ரேச்கோச் அவ்வாண்டு வெளிவந்தது. ஆறு குதிரைகள் பூட்டிய பயணிகள் வண்டியொன்று பாலை வெளியிலே பறக்கிறது. அப்பாச்சி வீரர் துரத்துகின்றனர். அவர்களுள் ஒருவன் தன் குதிரையினின்றும் வண்டியின் முன்னணிக் குதிரைகள்மேல் பாய்கிறான். வண்டியிலிருந்து வெடி தீருகிறது. அவன் குதிரைகளுக்கிடையே வீழ்ந்து, சிறிது தூரம் இழுபட்டு, கைவிட்டு நிலத்திற் கிடக்க, மூன்று சோடிக் குதிரைகளின் குளம்புகளும் வண்டியும் அவன்மேலாகக் கடந்து செல்கின்றன. அவ்வீரன் யக்கிமா கனற்.

இது குருட்டுத் துணிவாற் செய்தது அன்று. சிறிய படங்களிலே இவ்வித்தையை அவர் முன்னரே பழகியிருந்தார். குதிரைகள் மெதுவாக ஓடினால் ஆபத்துக் குறையும் என்று நாம் நினைப்போம். கனற்றின் கணக்கு அதற்கு மாறானது. மெதுவாக ஓடும் குதிரை இடமும் வலமும் அசையும். முழு வேகத்தில் ஓடுவதே நேர்கோட்டில் ஓடும். குதிரைகள் நேரே ஓடினால்தான் இரு வரிசைக் குளம்புகளுக்கும் நடுவே ஓர் உடல் கிடக்க இடம் உண்டு. ஆகவே வேகத்தைக் குறைக்கவேண்டாம், கூட்டுங்கள் என்றே அவர் வேண்டினார். மல்லாந்து, கைகால்களை ஒடுக்கி, மரக்கட்டைபோல் நேராகக் கிடந்தார். வண்டி கடந்தது, மனிதர் எழுந்தார். கமராவில் காட்சி சரியாகப் பதிந்ததோ என்பதே அவருடைய கவலை. வேண்டுமாயின் மீண்டும் செய்யலாம் என்றாராம். இதனை இன்னொருமுறை நான் எடுக்கமாட்டேன் என நெறியாளர் போட் மறுத்துவிட்டாராம்.

அதே படத்திலே, கடிவாள வார்கள் கைநழுவிப் போனபின், நாயகரான வெயின் வண்டியினின்றும் குதிரைக்குக் குதிரை தாவி முன்னணிக் குதிரையை அடைவதாக ஒரு காட்சி உண்டு. தாவியவரும் கனற்றே. நாயகனின் வெடிக்குப் பலியாகி வீழ்பவரும் அவர், நாயகனாகித் தாவுபவரும் அவர்.

அவ்வாண்டிலேயே வெளிவந்த கோன் வித் த விண்ட் என்னும் பெரும்படத்திலும் இவ்விந்தை தொடர்ந்தது. அற்லாண்டா நகரம் பற்றியெரியும் காட்சி 1938ஆம் ஆண்டு டிசெம்பர் 10ஆந் திகதி இரவு, பழைய படக் காட்சியமைப்புக்களுக்குத் தீமூட்டி எடுக்கப்பட்டது. அத்தீயினூடே நாயகர் கிளார்க் கேபிளுக்குப் பதிலாக வண்டி செலுத்தியவர் கனற். அதே படத்தின் பிற்பகுதியிலே, பாலத்தருகே கதாநாயகியின் வண்டியை மறித்துத் தாக்கும் கயவனாக முகங்காட்டுபவரும் அவரே. நாயகியைத் தீயினின்றும் காக்கும்போது அவர் முகம் தெரியவில்லை. அவளைத் துன்புறுத்தும்போது தெரிகிறது. உலகம் அவருக்கு அளித்த இடம் இதுவாக இருந்தது. அவர் அதுபற்றிக் குறைபட்டுத் திரிந்தாரல்லர்.

உடலின் கணக்கும் குதிரைகளின் கணக்கும்

கணக்கு எப்போதும் பிழைக்காது எனல் பொருந்தாது. 1940இல் பூம் ரவுன் என்னும் படத்திற் கேபிளுக்குப் பதிலாக நடித்தபோது குதிரையொன்று அவர்மேல் வீழ்ந்து உள்ளுறுப்புக்கள் காயமுற்றன. 1943இல் வண்டியொன்றினின்றும் வீழ்ந்து இரண்டு கணுக்கால்களும் முறிந்தன. வயது நாற்பத்தேழைக் கடந்திருந்தது. பாயும் காலம் முடிந்தது என்பதை உணர்ந்து, பிறரைப் பாயவைக்கும் பணிக்கு அவர் மாறத் தொடங்கினார்.

ஒருவரது வரலாற்றை எழுதுவோர் புகழத்தக்கனவற்றை மட்டும் எழுதி மற்றையவற்றை மறைத்தல் தகாது. அக்காலத்துக் குதிரைப் படங்களில் ஓடும் குதிரையை வீழ்த்துதற்கு ஒரு கொடிய முறை வழங்கிற்று. குதிரையின் முன்னங்கால்களிற் கம்பி பிணைத்து, அதன் மறுமுனையை நிலத்திற் புதைத்த முளையிற் கட்டிவிடுவர். கம்பி முடியும் தூரத்திலே குதிரை குப்புற வீழும். 1936இல் வந்த த சார்ஜ் ஒப் த லைற் பிரிகேட் என்னும் படத்தில் இதனாற் குதிரைகள் பல மடிந்தன. 1939இல் வேறொரு படத்துக்காக மலைவிளிம்பினின்றும் பாய்விக்கப்பட்ட குதிரை இறந்தபோது பொதுமக்களின் சினம் பொங்கியது. 1940 முதல் அமெரிக்க ஜீவகாருணிய சங்கத்தார் ஹொலிவூட்டிலே படப்பிடிப்புக்களைக் கண்காணிக்கத் தொடங்கினர். கம்பிமுறையும் காலப்போக்கில் ஒழிந்தது.

கனற்றும் அம்முறையைக் கையாண்டவரே. ஏறத்தாழ 300 முறை செய்தும் தம்மால் ஒரு குதிரையேனும் முடமாகவில்லை என அவர் கூறிவந்தார். அவர் கை திறமையான கை என்பதில் எமக்கு ஐயமில்லை. ஆயினும் வீழப்போவதை அறிந்து உடன்பட்டு வீழும் மனிதனும், அறியாது வீழ்த்தப்படும் விலங்கும் ஒன்றாகா. கொல்லாமையையும் அருளுடைமையையும் கற்பிக்கும் மரபிலே வந்த நாம் அம்முறையைச் சரியென்று கூறுதல் இயலாது. அவர் திறமையை மெச்சுவோம். அம்முறை ஒழிந்ததற்கு மகிழ்வோம். அவரும் மாறிய காலத்தோடு மாறினார் என்பதற்குப் பின்வரும் செய்தியே சான்று.

தேரோட்டப் பெருங்காட்சி

1945இல் கனற் முழுநீளப் படமொன்றையே நெறிப்படுத்தினார். எனினும் அவர் புகழ் ஓங்கியது இரண்டாம் பிரிவு நெறியாளராகவே. பெரிய படங்களிலே, தலைமை நெறியாளர் நடிகரின் உரையாடற் காட்சிகளைக் கவனிக்க, போர், துரத்தல், கவிழ்தல் ஆகியவற்றைத் தனியே எடுப்பவர் இவர். 1952இல் வெளிவந்த ஐவன்ஹோ இங்கிலாந்திலே எடுக்கப்பட்டபோது அவருக்கு இப்பணி வாய்த்தது.

1959இல் வெளிவந்த பென் ஹர் படத்தைப் பார்த்தோர் எவரும் அதன் தேரோட்டக் காட்சியை மறந்திரார். ஏறத்தாழ 9 நிமிடம் ஓடும் காட்சி அது. இத்தாலியிலே றோமாபுரியை அடுத்த சினெசிற்றாப் படப்பிடிப்புத் தளத்தில் 18 ஏக்கர் நிலத்தில் அரங்கு எழுப்பப்பட்டது. யூகோசிலாவியாவிலிருந்தும் சிசிலியிலிருந்தும் 78 குதிரைகள் வாங்கிவரப்பட்டன. நெறியாளர் வில்லியம் வைலர் இக்காட்சியை அன்றூ மார்ட்டன், யக்கிமா கனற் என்னும் இருவர் பொறுப்பில் விட்டார். தேரோட்டிகளைத் தெரிந்தெடுத்துப் பழக்கியவரும், ஒவ்வொரு மோதலையும் கவிழ்தலையும் வகுத்தவரும் கனற்.

ஒரு தேருக்கு 4 குதிரைகளாக, 9 தேர்கள் ஒரே வேளையில் வளைந்து திரும்பவேண்டும். அரங்கைப் போன்றே மற்றொரு பாதையைப் பக்கத்தில் அமைத்து அதிலே பயிற்சி நடைபெற்றது. நாயகர் சார்ல்ற்றன் ஹெஸ்ற்றனும் எதிர்நாயகர் ஸ்ரீபன் பொயிட்டும் தேர் செலுத்தக் கற்பிக்கப்பட்டனர். நெருக்கத்தில் ஓட்டும்போது வெல்வேனோ என ஹெஸ்ற்றன் தயங்கியபோது, தேரிலே நிற்பது மட்டும் உம் வேலை, வெற்றிக்கு நான் பொறுப்பு எனக் கனற் தேற்றினாராம்.

தேரொன்று, முன்னே சிதைந்து கிடக்கும் தேரின்மீது பாய்ந்து செல்லவேண்டிய காட்சியிலே ஹெஸ்ற்றனுக்குப் பதிலாக நின்றவர் ஜோ கனற், யக்கிமாவின் மைந்தர். குதிரைகள் தாவின, தேர் எதிர்பார்த்ததிலும் உயர எழுந்தது, ஜோ முன்புறமாகத் தூக்கியெறியப்பட்டார். தலைகீழாய்ப் போனவர் தேரின் முன்விளிம்பை விடாது பற்றிக்கொண்டமையால் சக்கரத்தின்கீழ் வீழாது தப்பினார். நாடியிலே வெட்டுக்காயம் ஏற்பட்டுத் தையல் போடவேண்டியதாயிற்று, வேறு தீங்கில்லை. கமரா அதனைப் பிடித்துவிட்டது. ஹெஸ்ற்றன் தேரின் முன்புறத்தினின்றும் ஏறி உள்ளே வருவதாக ஒரு துண்டைப் பின்னர் எடுத்து இணைத்தனர். உலகம் வியந்த அக்கணம் எவரும் வகுக்காத கணம். பிறர் மைந்தர் எத்தனையோ பேரை ஆபத்தினின்றும் காத்த தந்தை, தம் மைந்தர் வானில் எறியப்படுவதைக் கண்ட அந்த நொடியில் எவ்வாறு துடித்திருப்பார் என்பதைப் பெற்றோராய் உள்ளோர் உணர்வர்.

தேரோட்டத்திலே ஒருவர் இறந்தார் என்னும் வதந்தி நெடுங்காலம் உலாவிற்று. அது பொய். மௌனப்பட காலத்தில், 1925இல் வெளிவந்த பழைய பென் ஹர் படத்துக்குக் குதிரைகள் பல பலியாயின. 1959இன் படத்திலோ சக்கரங்களின்கீழ் நசுங்குவோராகக் கண்டவை பொம்மைகளே. குதிரைகள் ஒரு நாளில் இத்தனை முறைக்குமேல் ஓடலாகாது எனக் கட்டுப்பாடும் இருந்தது. இரு படங்களுக்கும் இடைப்பட்ட வேறுபாட்டிலேதான் கனற்றின் வாழ்க்கைப் பணி அடங்கியிருக்கிறது. காண்போர் நெஞ்சு நடுங்கவேண்டும். செய்வோர் உடல் நலமாய் வீடு திரும்பவேண்டும் என்பதே அது.

காலந்தாழ்ந்த பரிசு

பென் ஹர் 11 ஒஸ்கார் விருதுகளை ஈட்டியது. தேரோட்டத்தை உருவாக்கியோர்க்கு ஒன்றுமில்லை. அவர்தம் தொழிலுக்கு விருதுப் பிரிவே அன்று இருக்கவில்லை. எல் சிட், கார்ட்டூம், வெயார் ஈகிள்ஸ் டெயார் முதலிய படங்களில் அவர் பணி தொடர்ந்தது. ஈற்றில் 1967ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதம் 10ஆந் திகதி நடைபெற்ற விழாவிலே, சாகச நடிகராக அவர் ஆற்றிய பணிக்காகவும், சாகச நடிகர் யாவரையும் காக்கும் பாதுகாப்புக் கருவிகளை ஆக்கியமைக்காகவும் அவருக்குச் சிறப்பு ஒஸ்கார் வழங்கப்பட்டது. வீழ்ந்ததற்காக மட்டுமன்றி, வீழ்வோரைக் காத்ததற்காகவும் பரிசு வழங்கப்பட்டது என்பதை மாணவர் கருத்திற்கொள்க. அப்போது அவருக்கு வயது 71.

1979இல் தம் வரலாற்றை நூலாக வெளியிட்டார். 1986ஆம் ஆண்டு மே மாதம் 24ஆந் திகதி, தொண்ணூறு வயது நிறைந்தவராய், கலிபோர்னியாவில் அமைதியுற்றார். ஆறு குதிரைகளின் கீழ்க் கிடந்தவர், தீயினூடே வண்டி செலுத்தியவர், கணுக்கால் இரண்டும் முறிந்தவர், முதுமை கண்டு காலமானார். அவர் போட்ட கணக்கின் செம்மைக்கு இதனினும் மேலான சான்று வேண்டுவதில்லை. தந்தையின் தொழிலை மைந்தர் தொடர்ந்தனர். 1981இல் வெளிவந்த ரெய்டேர்ஸ் ஒப் த லொஸ்ற் ஆர்க் படத்திலே, ஓடும் லொறியின்கீழ் நாயகர் இழுபட்டுச் செல்லும் காட்சி, ஸ்ரேச்கோச் படத்தில் இவர் செய்ததற்கு மாணாக்கர் செலுத்திய வணக்கமே.

சாகச அமைப்புக்கென ஒஸ்காரில் தனி விருது ஏற்படுத்தப்படும் என அமெரிக்கத் திரைப்படக் கழகம் அறிவித்த நாள் 2025ஆம் ஆண்டு ஏப்பிரல் 10ஆந் திகதி. 2027இல் வெளிவரும் படங்களிலிருந்து அது வழங்கப்படும் என்றும் கூறப்பட்டது. கனற் மேடையேறிய நாளுக்குச் சரியாக 58 ஆண்டுகளின் பின்னர், அதே மாதத்தில் அதே திகதியில் இவ்வறிவித்தல் வந்தமை தற்செயலே எனினும், தக்கதொரு தற்செயல்.

முடிவுரை

வள்ளுவனார் வினைத்திட்பத்துக்கு ஓர் அதிகாரம் வகுத்தார். தெரிந்து செயல்வகைக்கும் ஓர் அதிகாரம் வகுத்தார். முன்னையது மட்டும் உடையவன் முரடன். பின்னையது மட்டும் உடையவன் கணக்கிலேயே காலங்கழிப்பவன். இரண்டும் ஒருங்கே அமைந்தவனே வினைசெய்வான். பண்ணைப் பையனாய்ப் பிறந்து, பள்ளிப் படிப்புக் குறைவாய்ப் பெற்ற யக்கிமா கனற்றிடம் அவ்விரண்டும் இணைந்திருந்தன. ஓடும் பஸ்ஸிலே தொற்றுவதையும் மதிலிலிருந்து குதிப்பதையும் துணிவெனக் கருதும் எம் மாணவச் செல்வர், குதிக்குமுன் அவர் எத்தனை முறை அளந்தார் என்பதை எண்ணிப் பார்ப்பாராக.

மலர் வாசிக்கும் பழைய மாணவர்க்கும் ஒரு வார்த்தை. விழாக் காலத்திலே கல்லூரிச் சுவர்களிலுள்ள பெயர்ப் பலகைகளை வாசித்து மகிழ்கிறோம். அது முறையே. ஆயினும் விடியுமுன் வாயில் திறந்த காவலாளர், விடுதியிற் சோறு சமைத்தோர், மைதானத்துப் புல்லைச் செப்பனிட்டோர், கிணற்றிலிருந்து நீர் சுமந்தோர் ஆகியோரின் பெயர்கள் எப்பலகையிலும் இல்லை. நாம் மேடையில் நின்று கைதட்டுப் பெற்றபோது நமக்காகச் சுமந்தவர்கள் அவர்கள். அவர்களுள் ஒருவரது பெயரையேனும் நினைவுகூர்ந்து பிள்ளைகளுக்குச் சொல்லுவோமாக.

கடைசி வாங்கிலிருந்து வினவிய மாணவனுக்கு நாம் தாமதித்தே விடையளித்தோம். விழுந்தவரின் பெயர் யக்கிமா கனற். அவர் புகழ் வாழ்க.